நெல்லிக்கனி யாருடைய சொத்து?

தகடூருக்கு ஒரு டிக்கெட் கொடுங்கள் என்று பஸ் கண்டக்டரிடம் கேட்டால் அவர் நம்மை ஏற இறங்கப் பார்ப்பார். தர்மபுரி என்று சொன்னால்தான் டிக்கெட் கிழிப்பார். இரண்டும் ஒரே ஊர்தான். சேலம் ஜில்லாவிலிருந்து பிரிந்து 1965-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் தேதி ஒரு தனி ஜில்லாவின் தலைநகராயிற்று தர்மபுரி. சங்க காலத்தில் அந்த ஊரே தகடூர் என்ற பெயருடன் அதியமான் நெடுமான் அஞ்சியின் தலைநகராக இருந்தது. பக்கத்திலுள்ள அதியமான்கோட்டை இன்றைக்கும் அவன் பெயரைச் சுமந்துகொண்டிருக்கிறது.

அதியமான் என்றவுடன் நமக்கெல்லாம் நினைவுக்கு வருவது நெல்லிக்கனி. பெரிய மலை ஒன்றின் வெடிப்பிலே, எளிதில் எட்ட முடியாத இடத்திலே கிடைத்த கனி அது. உண்டவர்களுக்குச் சாவைத் தள்ளிப் போடும் கனி. அதை அவன் தான் உண்ணாமல் அவ்வையாருக்குக் கொடுத்துவிட்டான். புறநானூற்றின் 91-ஆம் பாட்டில் அவ்வையாரே இதைச் சொல்லி அவனை வாழ்த்துகிறார். அந்தப் பாட்டில் என் மனத்தை மிகவும் தொடுவது ஒரு சிறிய விவரந்தான். கனியின் பெருமையை அவன் வெளியே சொல்லவில்லை. "இதைச் சாப்பிட்டால் இத்தனை வருஷம் கூடும்" என்று விளம்பரம் செய்யவில்லை. அந்த ரகசியத்தைத் தன் நெஞ்சுக்குள்ளேயே அடக்கிக்கொண்டு, சாதாரணக் கனியைக் கொடுப்பதுபோல் கொடுத்தான்.

இந்தக் கதையைக் கொடையின் பக்கத்திலிருந்தே பார்த்துப் பழகிவிட்டோம். ஒரு மாறுதலுக்காகச் சொத்தின் பக்கத்திலிருந்து பார்ப்போமே! அந்தக் கனி யாருடையது? மலை அரசனுடையது என்றால் மலையில் விளைந்ததும் அரசனுடையதுதான். ஆனால் உயிரைப் பணயம் வைத்து அந்த வெடிப்பில் இறங்கிப் பறித்து வந்தவன் ஒரு வேடனாக இருந்தால், அவனுக்கு ஒரு பங்கு உண்டா, இல்லையா? "இந்தக் கனி ஆயுளை நீட்டும்" என்று முதன் முதலாகக் கண்டு சொன்னவர் ஒரு வைத்தியராக இருந்தால், "மரம் யாருடையதாகவும் இருக்கட்டும், அதன் குணத்தைக் கண்டுபிடித்தவன் நான் அல்லவா?" என்று அவர் கேட்க மாட்டாரா?

தகடூரில் அப்படி எந்த வழக்கும் நடக்கவில்லை. அதியமான் கொடுத்துவிட்டான், விவகாரம் முடிந்தது. ஆனால் எல்லோரும் அதியமான்கள் அல்லர். காலத்தை நீட்டவோ குறுக்கவோ திருப்பவோ வல்ல ஒரு பொருளை மனிதன் கண்டுபிடித்தால் அது யாருக்குச் சொந்தம்? எத்தனை நாளைக்குச் சொந்தம்? இது கதாசிரியர்கள் வெற்றிலை போட்டுக்கொண்டு பேச வேண்டிய விஷயம் என்று தோன்றலாம். கோர்ட்டுகளும் சர்க்கார்களும் மெய்யாகவே மண்டையை உடைத்துக்கொண்ட விஷயம் இது.

முதலில் கதாசிரியர் ஒருவரிடமிருந்தே தொடங்குவோம். 1895-ல் எச். ஜி. வெல்ஸ் என்ற ஆங்கிலேயர் 'கால யந்திரம்' என்ற நாவலை வெளியிட்டார். குதிரைமீது ஏறுவதுபோல் ஒரு யந்திரத்தின்மீது ஏறி உட்கார்ந்து, எத்தனையோ லட்சம் ஆண்டுகள் தள்ளியிருக்கும் எதிர்காலத்துக்குப் போய் வருகிற ஒருவனுடைய கதை. லண்டனில் ஹாட்டன் கார்டன் தெருவில் மின்சாரக் கருவிகள் செய்துகொண்டிருந்த ராபர்ட் பால் என்பவர் அதைப் படித்தார். படித்துவிட்டுச் சும்மா இருக்கவில்லை. அதே ஆண்டு அக்டோபர் மாதம் பேடண்டு ஆபீஸுக்கு ஒரு மனுப் போட்டார். ஓர் அறை, அதிலே ஜனங்கள் உட்கார ஆடுகிற மேடை, முகத்தில் அடிக்கக் காற்று, எதிரே திரையில் நகர்கிற படங்கள். உட்கார்ந்திருப்பவர்கள் கடந்த காலத்துக்கும் வருங்காலத்துக்கும் பிரயாணம் செய்வதுபோல் மயங்க வேண்டும் என்பது திட்டம். அறை கட்டப்படவே இல்லை. மனுவும் மனுவாகவே நின்றுவிட்டது. ஆனாலும், கால யந்திரத்தின்மீது ஒருவர் சட்டப்படி உரிமை கேட்ட வரலாறு அது. அவர் கேட்டது காலத்தின்மீது உரிமை அன்று, காலத்தைப் பற்றிய ஒரு மயக்கத்தின்மீது உரிமை என்பதைக் கவனிக்க வேண்டும். மயக்கத்துக்கு யந்திரம் செய்யலாம். யந்திரத்துக்கு உரிமை கேட்கலாம். அது சட்டத்துக்குப் புரியும்.

நிஜமான கால யந்திரத்தையே ஒருவர் செய்து, ஒரு மாட்டு வண்டியில் ஏற்றிக்கொண்டு சென்னை கிண்டியில் இருக்கும் பேடண்டு ஆபீஸுக்கு வந்து சேர்ந்தால் என்ன ஆகும்? நமது 1970-ஆம் வருஷத்துப் பேடண்டுச் சட்டத்தில் மூன்றாவது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. எவை எவை கண்டுபிடிப்பு ஆகமாட்டா என்று அது பட்டியல் போடுகிறது. பட்டியலில் முதலாவதே, இயற்கையின் விதிகளுக்கு வெளிப்படையாக முரணானவை. ஆகையால் அதிகாரி யந்திரத்தை ஏறெடுத்தும் பாராமல் மனுவைத் தள்ளிவிடலாம். மனுதாரர் விடாக்கண்டராக இருந்து, அதிகாரியையே ஏற்றி நேற்றைக்குக் கூட்டிப்போய்க் காட்டிவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். அப்போது வேறு தலைவலி. யார் முதலில் மனுப் போட்டார் என்பதுதான் இந்தச் சட்டத்தின் உயிர்நாடி. கால யந்திரம் வைத்திருப்பவருக்கோ முந்தாநாள் போய் மனுப் போடுவது ஒரு பெரிய காரியமா? அவருடைய எதிரி யந்திரத்தைத் திருடிக்கொண்டு அதற்கும் முந்தின நாள் போய்விட்டால்? கடைசியில் இருவரும் ஆதாம் ஏவாள் காலத்தில் ஆபீஸ் திறப்பதற்காகக் காத்திருக்க வேண்டியதுதான்.

வேடிக்கை இருக்கட்டும். காலத்தை மாற்றும் யந்திரங்கள் நம்மிடையே உண்மையாகவே வந்துவிட்டன. அவற்றுக்குச் சக்கரம் கிடையாது, கைப்பிடி கிடையாது. மருந்துக் கடையில் காகிதத்தில் மடித்துக் கொடுக்கிறார்கள். 1951-ஐ ஒட்டிய ஜனத்தொகைக் கணக்கின்படி இந்த நாட்டில் பிறந்த ஒருவருடைய சராசரி ஆயுள் சுமார் 32 வருஷம். இன்று அது 70-ஐ ஒட்டியிருக்கிறது. நல்ல குடிதண்ணீர், அம்மைப்பால், பஞ்சமில்லாத சாப்பாடு எல்லாவற்றுக்கும் இதில் பங்கு உண்டு. மருந்துக்கும் பெரிய பங்கு உண்டு. மூன்று தலைமுறைக்குள் ஒரு மனிதனுக்கு இன்னொரு வாழ்நாளே இனாமாகக் கிடைத்ததுபோல் அல்லவா இருக்கிறது? அதியமானின் மலையில் ஒரு கனிதான் இருந்தது. இப்போது கனிகள் ஆயிரம். ஆகவே "யாருடையது?" என்ற கேள்வியும் ஆயிரம் மடங்காகிவிட்டது.

சொத்து என்பதைச் சட்டம் எப்படி அளக்கிறது என்று பார்க்க மறுபடியும் தர்மபுரிக்கே வர வேண்டும். 1792-ல் திப்பு சுல்தானோடு நடந்த உடன்படிக்கையால் பாரமகால் சீமை கும்பினியார் கைக்கு வந்தது. தர்மபுரி அந்தச் சீமையைச் சேர்ந்தது. அதை நிர்வாகம் செய்யக் காப்டன் அலெக்ஸாண்டர் ரீட் வந்தார். அவருக்கு உதவியாக வந்த இளைஞர்தான் பிற்காலத்தில் சென்னைக் கவர்னரான தாமஸ் மன்றோ. தர்மபுரியில் தங்கிய வருஷங்களில்தான் மன்றோ குடியானவர்களையும் அவர்களுடைய நிலங்களையும் நெருங்கி அறிந்தார். வயல் வயலாக அளந்து, இன்னாருடைய நிலம் இவ்வளவு, இவ்வளவு தீர்வை என்று எழுதினார்கள். ரயத்துவாரி முறை என்று பின்னால் பெயர் பெற்ற ஏற்பாடு இந்த மண்ணிலே வேர்விட்டதுதான். நிலத்துக்கு நான்கு எல்லை உண்டு. அந்த நான்கு எல்லைக்குள் அது நம்முடையது. நமக்குப் பிறகு நம் பிள்ளையுடையது.

கண்டுபிடிப்புக்கு நான்கு எல்லை கட்டுவது எப்படி? அதை அளக்கச் சங்கிலி கிடையாது. அதனால் சட்டம் ஒரு யுக்தி செய்தது. கண்டுபிடிப்பைக் காலத்தால் அளந்தது. இங்கிலாந்தில் 1624-ல் செய்த சட்டத்திலேயே, புதிய தொழிலைக் கண்டவனுக்கு 14 வருஷம் தனி உரிமை என்று விதித்துவிட்டார்கள். ஒரு தொழிலைக் கற்கச் சீடன் ஏழு வருஷம் குருவிடம் இருக்க வேண்டும். இரண்டு சீடர்களைத் தயார் செய்கிற காலம் 14 வருஷம் என்று இதற்குக் கணக்குச் சொல்வதுண்டு. அந்தப் பதினான்கு வருஷமும் முடிந்தால் கண்டுபிடிப்பு ஊருக்குப் பொது. நம் நாட்டுக்கு இந்தச் சட்டம் 1856-ல் வந்தது. கல்கத்தாவில் இருந்த டி பென்னிங் என்ற எஞ்சினீயர் முதலில் மனுப் போட்டார். எதற்குத் தெரியுமா? பங்கா இழுக்கும் யந்திரத்துக்கு! துரைமார்களுக்கு வேர்க்கக் கூடாது என்பதே இந்த நாட்டின் முதல் பேடண்டுக்கு உந்துதல். இங்கிலாந்து மகாராணியின் முன் அனுமதி வாங்கவில்லை என்பதற்காக மறு ஆண்டே அந்தச் சட்டத்தை ரத்து செய்து, 1859-ல் வேறு சட்டம் கொண்டுவந்தார்கள். 1911-ல் இன்னொன்று வந்தது. சுதந்திரம் வந்தபோது நம் கையில் இருந்தது அதுதான்.

பங்கா யந்திரத்துக்கு 14 வருஷம் காத்திருப்பதில் யாருக்கும் நஷ்டமில்லை. விசிறியால் வீசிக்கொண்டு காத்திருக்கலாம். மருந்து விஷயத்தில் அப்படி முடியுமா? சீக்காளியின் கடிகாரம் பேடண்டின் கடிகாரத்துக்காக நின்றுகொண்டிருக்குமா? இங்கேதான் இந்தச் சட்டம் முழுவதிலும் உள்ள சங்கடம் வெளிப்படுகிறது. ஒரு பக்கம் ஒரு மனிதனுடைய ஆயுள். மறு பக்கம் ஓர் உரிமையின் ஆயுள். ஒன்று நீண்டால் மற்றொன்று குறுகுகிறது.

இதைக் கண்டு சொன்னவர்களில் முக்கியமானவர் ஒரு தமிழர். நீதிபதி ராஜகோபால அய்யங்கார். பேடண்டுச் சட்டத்தை எப்படித் திருத்தலாம் என்று ஆராய்ந்து 1959-ல் அவர் சர்க்காருக்கு ஒரு நீண்ட அறிக்கை கொடுத்தார். இந்தியாவில் கொடுக்கப்பட்ட பேடண்டுகளில் மிகப் பெரும் பங்கு வெளிநாட்டார் கையில் இருப்பதையும், அவற்றில் பெரும்பாலானவற்றைக்கொண்டு இங்கே எதுவுமே உற்பத்தி செய்யப்படவில்லை என்பதையும் அவர் காட்டினார். வைக்கோற்போரில் படுத்த நாயின் கதைதான். அதே சமயத்தில் அமெரிக்க செனட்டில் கெஃபோவர் என்பவர் தலைமையில் மருந்து விலைகளை விசாரித்த கமிட்டி, சில கிருமிநாசினி மருந்துகளுக்கு உலகத்திலேயே மிக அதிகமான விலை கொடுக்கும் தேசங்களில் இந்தியாவும் ஒன்று என்று எழுதியது. தலைக்கு வருமானம் மிகக் குறைந்த தேசம், விலையோ உச்சம்!

அய்யங்கார் அறிக்கையை அடியொற்றி வந்ததுதான் 1970-ஆம் வருஷத்துச் சட்டம். 1972 ஏப்ரல் 20-ஆம் தேதி அமலுக்கு வந்தது. உணவுக்கும் மருந்துக்கும் அது தனி வழி வகுத்தது. மருந்து என்ற பொருளின்மீது யாரும் பேடண்டு கேட்க முடியாது. அதைச் செய்கிற முறைக்கு மட்டும் கேட்கலாம். அதுவும் ஐந்து அல்லது ஏழு வருஷந்தான். வேறு முறையில் அதே மருந்தைச் செய்து பிறர் விற்கலாம். நம் நாட்டு மருந்துத் தொழில் தலையெடுத்தது இதற்குப் பின்னால்தான். பிற்காலத்தில் ஆப்பிரிக்காவின் ஏழை நாடுகளுக்கும் இந்திய மாத்திரை போய்ச் சேர்ந்தது.

பிறகு காற்று மாறியது. உலக வர்த்தக ஸ்தாபனத்தில் சேர்ந்த நாடுகள் எல்லாம் ஒரே விதமான பேடண்டுச் சட்டம் வைத்துக்கொள்ள வேண்டும் என்று 1995-ல் ஏற்பாடாயிற்று. மருந்துப் பொருளுக்கும் பேடண்டு. ஆயுள் 20 வருஷம். இந்தியாவுக்கு 2005 ஜனவரி 1-ஆம் தேதி வரையில் தவணை கிடைத்தது. இடையில் வருகிற மனுக்களை என்ன செய்வது? ஒரு தபால் பெட்டியில் போட்டுப் பூட்டி வைத்தார்கள். 2005-ல் பெட்டியைத் திறந்து, ஒவ்வொரு மனுவையும் அது போடப்பட்ட பழைய தேதியிலேயே வந்ததாகக் கொண்டு விசாரித்தார்கள். வெல்ஸ் கற்பனை செய்த யந்திரத்தை ஒரு சர்க்கார் ஆபீஸ் ஓசைப்படாமல் நடத்தியே காட்டிவிட்டது பாருங்கள்!

அந்தப் பெட்டியில் 1998-ல் சென்னை ஆபீஸில் போடப்பட்ட ஒரு மனு இருந்தது. சுவிட்ஸர்லாந்தின் நோவார்ட்டிஸ் கம்பெனி, கிளிவெக் என்ற மருந்துக்காகப் போட்ட மனு. ஒரு வகை இரத்தப் புற்றுநோய்க்கு அது கைகண்ட மருந்து. அதற்கு முன்பெல்லாம் சில வருஷங்களில் மாண்டுபோனவர்கள், தினம் மாத்திரை சாப்பிட்டுக்கொண்டு உத்தியோகத்துக்குப் போய் வரவும், பெண்ணுக்குக் கல்யாணம் செய்து பேரனை எடுத்துக் கொஞ்சவும் முடிந்தது. நெல்லிக்கனி என்று சொல்லத் தகுந்த பொருள் நம் காலத்தில் ஒன்று உண்டென்றால் அது இதுதான். ஒரு மாதத்து மாத்திரைக்குக் கம்பெனியின் விலை சுமார் 1,20,000 ரூபாய். இந்தியக் கம்பெனிகள் அதே மருந்தைச் செய்து விற்ற விலை 8,000 முதல் 10,000 ரூபாய் வரை.

வழக்கின் சாரம் இது. மூல மருந்து ஏற்கெனவே தெரிந்தது. அதைப் புதிய ஒரு பளிங்கு வடிவத்தில் செய்திருக்கிறோம், அதற்கு உரிமை வேண்டும் என்றது கம்பெனி. நம் சட்டமோ 2005-ல் மூன்றாவது பிரிவில் ஒரு வாக்கியத்தைச் செதுக்கி வைத்திருந்தது. தெரிந்த பொருளுக்குப் புது வடிவம் கொடுத்தால் போதாது. நோயைக் குணப்படுத்தும் சக்தி கூடியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் என்ன நடக்கும்? இருபது வருஷம் முடிகிற சமயத்தில் மருந்துக்கு ஒரு புதிய சட்டை தைத்துப் போடலாம்; இன்னோர் இருபது வருஷம் கேட்கலாம். மருந்து நோயாளியின் ஆயுளை நீட்டுகிறது; சட்டை பேடண்டின் ஆயுளை நீட்டுகிறது. 2006 ஜனவரியில் சென்னை ஆபீஸ் மனுவைத் தள்ளியது. சட்டமே செல்லாது என்று கம்பெனி தொடுத்த வழக்கை 2007-ல் சென்னை ஹைகோர்ட்டு தள்ளியது. 2013-ஆம் ஆண்டு ஏப்ரல் 1-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டும் கம்பெனிக்கு எதிராகவே தீர்ப்புச் சொன்னது. புற்றுநோயாளிகளுக்கு உதவும் சங்கம் ஒன்று ஆரம்பத்திலிருந்தே எதிர்த்து நின்றது. அதற்கு முந்திய வருஷம், 2012 மார்ச்சில், நெக்ஸாவர் என்ற வேறொரு புற்றுநோய் மருந்து விஷயத்தில் பேடண்டு அதிகாரி இன்னொரு கதவைத் திறந்துவிட்டார். பேடண்டு செல்லுபடியாக இருக்கும்போதே, ஜனங்களுக்கு எட்டும் விலையில் கிடைக்கவில்லை என்ற காரணத்தால், ஹைதராபாத் கம்பெனி ஒன்றுக்கு அதைச் செய்ய அனுமதி கொடுத்தார். மாதம் 2,80,000 ரூபாய் என்றிருந்த மருந்து 8,800 ரூபாய்க்கு வந்தது. உரிமைக்காரருக்கும் அதில் ஒரு பங்கு உண்டு.

கம்பெனிகளின் பக்கத்தில் நியாயமே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். மருந்து மரத்தில் காய்ப்பதில்லை. பத்து, பதினைந்து வருஷம் விஞ்ஞானிகள் ஆராய்ச்சிச் சாலையில் கண் விழிக்கிறார்கள். பத்து மருந்து தோற்று ஒரு மருந்து ஜயிக்கிறது. தோற்றவற்றின் செலவையும் ஜயித்ததுதான் சுமக்க வேண்டும். வேடன் இறங்காவிட்டால் கனி ஏது? அவனுக்குக் கூலி கிடையாது என்று சொன்னால் அடுத்த தடவை அவன் மலைக்குப் போவானா? அதோடு, கிளிவெக்கை ஏராளமான இந்திய நோயாளிகளுக்கு இலவசமாகவே கொடுத்துவருகிறோம் என்றும் கம்பெனி சொன்னது. கொடுத்ததும் உண்மைதான்.

இங்கே சற்று நிதானித்துப் பார்க்க வேண்டும். இலவசமாகக் கொடுப்பதும் கொடைதானே? அதியமான் செய்ததும் அதுதானே? ஆனால் வித்தியாசம் இருக்கிறது. உரிமையைத் தன் பெட்டியில் பத்திரமாகப் பூட்டிவைத்துக்கொண்டு, மாதம் ஒரு மாத்திரைப் பொட்டலத்தைக் கொடுப்பது ஒன்று. அடுத்த மாதமும் கிடைக்குமா என்பது கொடுப்பவர் கையில் இருக்கிறது. வாங்குகிறவருடைய வருஷங்கள் எல்லாம் அவருக்குச் சொந்தமல்ல, இரவல். கனியையே முழுசாகக் கொடுத்துவிட்டு, அதன் மதிப்பைக்கூடச் சொல்லாமல் இருந்துவிடுவது மற்றொன்று. சட்டம் யாரையும் அதியமான் ஆகும்படி கட்டாயப்படுத்த முடியாது. கண்டுபிடித்தவனுக்கு உரிய கூலியைக் கொடுத்துவிட்டு, கூலி வாங்கியாயிற்று, இனி விடு என்று சொல்லலாம். எந்தத் தேதியில் அதைச் சொல்வது என்பதில்தான் 1856-லிருந்து இன்றுவரை இத்தனை சட்டங்களும் சண்டையிட்டுக்கொண்டிருக்கின்றன. அந்தத் தேதி ஒரு வருஷம் முன்பின் நகர்ந்தால், காகிதத்தில் ஓர் எண் மாறும். எங்கோ ஒரு வீட்டில் ஒரு தகப்பன் இருப்பான், அல்லது இருக்க மாட்டான்.

அதியமானுடைய முடிவையும் சொல்லிவிட வேண்டும். சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறை தகடூர்மீது படையெடுத்து வந்து அதை வென்றான். தகடூர் எறிந்தவன் என்றே அவனுக்குப் பட்டம். சாவைத் தள்ளிப் போடும் கனியைக் கையில் வைத்திருந்தவன் போரிலே மடிந்தான். கனியை உண்ட அவ்வையார் பிழைத்திருந்து அவனுக்காக அழுதார். அந்த அழுகையும் புறநானூற்றில், 235-ஆம் பாட்டாக இருக்கிறது. அவனுடைய கோட்டை மண்ணோடு மண்ணாயிற்று. அவன் எவ்வளவு நிலம் ஆண்டான், எவ்வளவு தீர்வை வாங்கினான் என்பதற்குக் கணக்கு இல்லை. சிறிது கள் கிடைத்தால் எங்களுக்கே கொடுத்துவிடுவான், நிறையக் கிடைத்தால் எங்களைப் பாடவைத்துத் தானும் கூட உண்பான் என்று அவ்வையார் சொன்ன கணக்கு மட்டும் இருக்கிறது.